மூன்றாம் அத்தியாயத்தில் ஒரு நண்பர்

பத்து நாளாகக் காஜா வாக்கிங் வரவில்லை.

பாளையங்கோட்டை மைதானத்தில் காலையில் சேர்ந்து நடப்பது நாங்கள் மூன்று பேர். நான். தத்துவப் பேராசிரியராக இருந்து ரிட்டையர் ஆன சிதம்பரம் சார். மேலப்பாளையத்தில் மோட்டார் பம்ப் கடை வைத்திருக்கும் காஜா. அவர்கள் இருவருக்கும் முப்பது வருஷப் பழக்கம். நான் நடுவில் வந்து ஒட்டிக்கொண்டவன்.

சார் போன மாதம் ஒரு புத்தகம் போட்டார். பண்பாடும் மோதலும் பற்றியது. பன்னிரண்டு வருஷ உழைப்பு. அவர் சொல்வது இதுதான் — பண்பாடுகள் வேறுவேறாக இருப்பதால் சண்டை வருவதில்லை. எதிரில் நிற்கிற ஆளை ஆளாகப் பார்க்காமல், ஏதோ ஒரு கூட்டத்தின் சாம்பிளாகப் பார்க்கிறோமே... அங்கேதான் வருகிறது. நல்ல கருத்து. நானே நாலு இடத்தில் கோடு போட்டுப் படித்தேன்.

முதல் காப்பியைக் காஜாவுக்குத்தான் கொடுத்தார். அன்றோடு காஜா கட்!

“ஃபோனையும் எடுக்க மாட்டேங்கான். நீரு பைய கேட்டுப் பாரும்வே” என்றார் சார்.

போனேன். கடையில் காஜா டீ வரவழைத்துக் கொடுத்தார். பிறகு புத்தகத்தை எடுத்து, மூன்றாம் அத்தியாயத்தைப் பிரித்து நீட்டினார்.

“சத்தமா படிங்க அண்ணாச்சி.”

படித்தேன். ‘எனது இஸ்லாமிய நண்பர் ஒருவர், வெள்ளத்தின்போது எங்கள் குடும்பத்துக்குத் தம் வீட்டு மாடியில் நான்கு நாட்கள் இடமளித்தார். மத நல்லிணக்கத்துக்கு இது சிறந்த சான்று.’

நல்லபடியாகத்தானே எழுதியிருக்கிறார்? இதில் கோபப்பட என்ன இருக்கிறது?

“சார் மக கல்யாணத்துல பந்தியைக் கவனிச்சது காஜா. அவரு ஆஸ்பத்திரியில கெடந்தப்போ கூடவே கெடந்தது காஜா. எலெக்‌ஷனுக்கு எலெக்‌ஷன் அவர்கிட்ட சண்டை போட்டுட்டு மூஞ்சியத் தூக்கி வச்சுக்கிட்டதும் இதே காஜாதான். புஸ்தகத்துல மட்டும் நான் எப்படி ‘நண்பர் ஒருவர்’ ஆனேன் அண்ணாச்சி?”

நான் புத்தகத்தை மூடப் போனேன்.

“கடைசிப் பக்கத்துல பாருங்க. செத்துப்போன ஜெர்மன்காரனுக்கெல்லாம் இனிஷியலோட பேரு இருக்கு!”

வண்ணார்பேட்டையில் சாரின் வீட்டுக்கு வந்து அப்படியே ஒப்பித்தேன்.

“ஆராய்ச்சியில அப்படித்தான்வே எழுதணும். பேரு போட்டா அவனுக்குச் சங்கடமா இருக்கும்னு நெனச்சேன். நல்ல விதமாத்தானே...” என்று ஆரம்பித்தவர் பாதியில் நிறுத்தினார். அந்தப் பக்கத்தை எடுத்துத் தன் வரியைத் தானே இரண்டு முறை படித்தார்.

“சாம்பிள்...” என்றார். எழுந்து சட்டையை மாட்டிக்கொண்டார். “ஸ்கூட்டரை எடும்வே.”

கடையில் இரண்டு வாடிக்கையாளர்கள் நின்றார்கள். சார் அதையெல்லாம் பார்க்கவில்லை.

“தப்புதான் காஜா. மன்னிச்சிரு. அடுத்த பதிப்புல உன் பேரைப் போட்டுருதேன்.”

“பேரு கெடக்கட்டும் சார். அன்னைக்கு இடுப்பளவு தண்ணியில வந்து உங்களை ஏன் கூட்டிட்டுப் போனேன்? எழுதுததுக்கு முன்னாடி ஒரு வார்த்தை எங்கிட்ட கேட்டீங்களா?”

“ஏன்?”

“உங்களுக்கு நீச்சல் தெரியாது. அதான்!”

சார் சிரித்துவிட்டார். சிரிக்கும்போதே கண் கலங்கியது. முந்நூறு பக்கத்தில் இந்தக் காரணம் எங்குமே இல்லை.

மறுநாள் காஜா மைதானத்துக்கு வந்தார். இரண்டாவது சுற்றிலேயே இருவருக்கும் அரசியல் சண்டை. எனக்கு அப்பாடா என்றிருந்தது.

இதில் இன்னொன்றையும் சொல்லிவிட வேண்டும். இந்தப் பத்தியை எழுத உட்கார்ந்தபோது முதல் வரி தானாக வந்து விழுந்தது — ‘எனக்குத் தெரிந்த பாய் ஒருவர்...’

பஞ்சாயத்துக்குப் போன ஆளின் லட்சணம் இது!