கதவு மாதம்

பிள்ளைகளே, உங்கள் வீட்டுச் சுவரில் தொங்கும் கலண்டரில் மாதங்கள் தாமாகவே முடிந்துவிடும். யார் அழுதாலும் சிரித்தாலும் தாளைக் கிழித்துவிட்டு அடுத்த மாதத்துக்குப் போகலாம். என் மகள் ஏழு வயதில் ஒரு நாட்டை உண்டாக்கினாள். அங்கே அப்படி இல்லை. ஒரு மாதம் தன்னுடைய வேலையை முடித்தால்தான் அடுத்தது பிறக்கும். பனி தின்னும் மாதத்தில் பச்சை மாடுகள் வந்து தெருப் பனியைத் தின்னும். கடைசி உருண்டையையும் தின்று தீர்க்கும்வரை அதே மாதம்தான். அடுத்தது மரங்கள் கதைக்கும் மாதம். வாய் ஓயாத ஒரு மரம் இருந்தால் அந்த மாதம் நீண்டுகொண்டே போகும்.

அப்போது நாங்கள் ஊரைவிட்டு வந்து, இந்தப் பனி நாட்டில் சென்ட் லோரன்ட் என்ற இடத்தில் வாடகைக்கு இருந்தோம். மருந்துத் தொழிற்சாலை ஒன்றில் பெட்டி அடுக்குவது எனக்கு வேலை. சமாதானம் வந்துவிட்டதென்று எல்லாரும் நம்பியிருந்த காலத்தில், மகளின் அம்மா நோயாய்க் கிடந்த தன் தகப்பனைப் பார்க்க மன்னார்ப் பக்கம் போனார். போய்ச் சேர்ந்து கொஞ்சக் காலத்தில் சண்டை திரும்பவும் தொடங்கியது, வெளியே வரும் பாதையைப் பூட்டிவிட்டார்கள். அவர் உள்ளே, நாங்கள் இங்கே.

எங்கள் ஊர்க் கத்தோலிக்கர் ஓர் ஆள் வருவதைத் திகதி வைத்துச் சொல்வது குறைவு, பெருநாளை வைத்துத்தான் சொல்வோம். மகள் கேட்டபோது நானும் அப்படித்தான் சொன்னேன். யேசு பிறந்த நத்தாருக்கு அம்மா வருவா என்றேன். நத்தார் போனது. அவர் உயிர்த்த பாஸ்காவுக்கு என்றேன். அதுவும் போனது. ஆவணியில் மாதா திருநாளுக்கு என்றேன். எப்போதாவது தொலைபேசி கிடைத்தால் அம்மாவும் அங்கிருந்து அதையே சொல்வார். பிறகு மகள் கேட்பதை நிறுத்திவிட்டாள். எனக்கு அது பெரிய ஆறுதலாக இருந்தது.

மேல்மாடி அண்ணை டாக்ஸி ஓட்டுபவர். ஞாயிற்றுக்கிழமை பூசைக்கு எங்களையும் ஏற்றிக்கொண்டு போவார். ஒருநாள் திரும்பி வரும்போது மகளைச் சீண்டினார்.

“பிள்ளை, உங்கட நாட்டில சம்பளம் போடுற மாசம் எது?”

“அங்க ஒருத்தருக்கும் சம்பளம் இல்லை, மாமா.”

“அப்ப நான் வரேல்லை. இஞ்சயே டாக்ஸி ஓட்டுறன்.”

மகள் விழுந்து விழுந்து சிரித்தாள்.

“சரி, நத்தார் எந்த மாசத்தில வரும்?”

“நத்தார் இல்லை.”

“நத்தார் இல்லாத நாடோ? சாமியார் கேட்டாரெண்டால் பேசப்போறார்.”

“பாஸ்காவும் இல்லை. ஒரு பெருநாளும் இல்லை.”

“ஏனம்மா?”

“பெருநாள் எண்டால் அம்மா வராத நாள், மாமா.”

அண்ணை ரேடியோவைப் போட்டுவிட்டார். நான் வெளியே பார்த்துக்கொண்டிருந்தேன். வீட்டு வாசலில் இறங்கியபோது அண்ணைக்கு நன்றிகூடச் சொல்லவில்லை.

அந்த நாட்டின் கடைசி மாதம் கதவு மாதம். அந்த மாதத்தில் எல்லா வீட்டுக் கதவுகளும் அகலத் திறந்திருக்கும். வெளியே போன எல்லாரும் உள்ளே வந்து சேரும்வரை ஒருவரும் சாத்தக்கூடாது. கடைசி ஆளும் வந்தால்தான் புதுவருடம். ஒருநாள் அம்மா தொலைபேசி எடுத்தபோது மகள் இதைச் சொன்னாள். ரிசீவருக்குப் பக்கத்தில் காதை வைத்து நானும் கேட்டேன்.

“அப்ப நான் வந்தால்தான் உங்களுக்கு வருசம் பிறக்குமோ?”

“ஓம்.”

“ஐயோ, நான் அவ்வளவு பெரிய ஆளோ!” என்று அம்மா சிரித்தார். “பின்னால நிறையச் சனம் நிக்குது. பேந்து எடுக்கிறன், ராசாத்தி.”

பிறகு அவர் எடுக்கவேயில்லை. அந்தப் பக்கத்துச் சனமெல்லாம் ஊரைவிட்டுக் கிழக்கே நடந்துகொண்டிருந்தார்கள். எங்கள் தொலைபேசி பேசாமல் கிடந்தது. சண்டை முடிந்த பிறகு, தப்பிய சனத்தை வைத்திருந்த முகாம்களிலிருந்து ஒவ்வொருவருக்கும் சொந்தக்காரரைப் பற்றிய செய்தி வந்தது. எனக்கு வரவில்லை. அவரைக் கண்டதாக ஒருவர் சொன்னார். அது வேறு ஆள் என்று இன்னொருவர் சொன்னார். தெரிந்தவர், தெரியாதவர் எல்லாரிடமும் கேட்டேன். கடைசியில் என்னைக் கண்டால் ஆட்கள் கதையை மாற்றத் தொடங்கினார்கள்.

அடுத்த குளிர்காலத்தில் ஒரு காலை, சீரியல் சாப்பிட்டுக்கொண்டிருந்த மகள் கரண்டியை வைத்தாள்.

“அப்பா, உள்ளுக்கு இருக்கிற ஆக்களுக்குக் குளிருது.”

“எங்க உள்ளுக்கு?”

“எங்கட நாட்டில. கதவெல்லாம் திறந்து கிடக்குதெல்லோ. பனி வீட்டுக்குள்ள வந்திட்டுது. சின்னப் பிள்ளையள் விறைக்கினம்.” என் முகத்தைப் பார்த்தாள். “சாத்துவமா?”

அதுவரை அந்த நாட்டை நான் பிள்ளை விளையாட்டு என்றுதான் எண்ணியிருந்தேன். ஓம் என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். அவள் அதற்காகத்தான் காத்திருந்தாள், பாவம். என் வாயில் வேறு வந்தது.

“சாத்தாதை, பிள்ளை. கொஞ்சம் பொறு.”

“அவை செத்துப்போவினம், அப்பா.”

“பொறு எண்டு சொன்னனெல்லோ!”

கத்திவிட்டேன். அவள் அழவில்லை. கிண்ணத்தைக் கழுவி வைத்தாள், சப்பாத்தைப் போட்டாள், பள்ளி பஸ்ஸுக்குப் போய்விட்டாள். அதன்பிறகு அந்த நாட்டைப் பற்றி என்னிடம் ஒரு சொல்லும் பேசவில்லை.

அம்மா வந்தாவா என்று நீங்கள் கேட்பீர்கள். இல்லை, பிள்ளைகளே. இறந்துவிட்டாரென்று சொல்லவும் ஆள் இல்லை. அவருக்கென்று இறந்தவர்களுக்கான பூசை ஒன்று ஒப்புக்கொடுக்கவும் எனக்கு மனம் வரவில்லை. மகள் வளர்ந்துவிட்டாள். இப்போது பக்கத்து நகரமான லவாலில் இருக்கிறாள். நல்ல பிள்ளை, கிழமைக்கொருமுறை வந்து பார்ப்பாள். கதவைச் சாத்திவிட்டாளா என்று அவளிடம் நான் கேட்டதில்லை. கேட்டால் உண்மையைச் சொல்லிவிடுவாள்.