அப்துல் ஹலீம் கட்டிய சுவர்

கோட்டக்குப்பத்தில் எங்கள் தெருவில் ஆறு வீடுகள் சுவரோடு சுவர் ஒட்டி நிற்கின்றன. கரையில் கப்பல் சரக்கு இறங்கிய காலத்தில் வியாபாரிகள் கட்டியவை. வீட்டுக்கு வீடு நடுச்சுவரில் ஓர் உள்வாசல் உண்டு. முதல் வீட்டில் மீன் குழம்பு கொதித்தால், ஆறாம் வீட்டுப் பெண்கள் தெருவில் கால் வைக்காமலே வந்து உப்புப் பார்த்துவிடுவார்கள். சொந்தக்காரர்களுக்கு உள்வாசல், தெருவாசல் தபால்காரருக்கும் சிலிண்டர் போடுகிறவருக்கும்.

நான்காம் வீடு அப்துல் ஹலீமுடையது. இருபத்தாறு வருடம் ஷார்ஜாவில் கொத்தனார். அங்கே எத்தனை மாடி கட்டினார் என்பது கேட்கிற ஆளைப் பொறுத்து ஏறும். இறங்கி நான் கேட்டதில்லை. ஐந்தாம் வீட்டில் அவருடைய அக்கா ஆயிஷா பீவி. ஆறாம் வீடு என்னுடையது.

பதினோரு வருடம் முன்பு ஹலீம் தன் மகள் அப்ஸானாவுக்குக் கல்யாணம் வைத்தார். வெளிநாட்டு நாகரிகம் விடுமா? தங்க எழுத்துப் பத்திரிகையும் சென்ட் வாசனையுமாக அக்கா வீட்டுத் தெருவாசலுக்குப் போய் காலிங் பெல்லை அழுத்தினார்.

"நான் இன்னா தெருவுல போறவளா?" என்று ஆயிஷா பீவி கதவைச் சாத்தினார். கல்யாணத்துக்கும் வரவில்லை.

ஹலீமுக்கு மூக்குக்கு மேல் கோபம். மறுவாரமே தன் பக்கத்திலிருந்து உள்வாசலைச் செங்கல் வைத்து அடைத்தார். கோபத்தில் கட்டினாலும் தொழிலில் குறை வைக்கவில்லை. தூக்குக்குண்டு பிடித்து, சிமெண்டை வாரிக் கொட்டி, ஏழு நாள் தண்ணீரும் ஊற்றினார்.

அந்தச் சுவர் தடுத்தது அவர் ஒருவரைத்தான். அவர் மனைவியும் அக்காவும் மொட்டை மாடியில் வற்றல் காயவைத்தபடி தினமும் பேசிக்கொண்டார்கள். ஹலீம் மட்டும் டிவி சத்தத்தைக் குறைத்துவிட்டு, அக்கா இருமுகிறாரா என்று சுவரில் காது வைத்துக் கேட்பார். ஒருநாள் நான் பார்த்துவிட்டேன்.

"கறையான் அரிக்குதான்னு பாக்குறேன்" என்றார். சிமெண்டுச் சுவரில் கறையான்!

இந்த வருடம் சாலையை அகலமாக்க எங்கள் முன்கூடங்களை இடிப்பார்கள் என்று பேச்சு வந்தது. பாரம்பரியக் கட்டடப் பட்டியலில் ஏறினால் தப்பிக்கலாம். விழுப்புரத்திலிருந்து விருத்தாசலம் என்ற அதிகாரி வந்து பார்த்தார். "ஆறு வீட்டுக்காரங்களும் ஒரே தாள்ல கையெழுத்துப் போடணுங்க. திங்கக்கெழமைக்குள்ள" என்று சொல்லிவிட்டுப் போனார்.

ஐந்து கையெழுத்து விழுந்துவிட்டது. ஆயிஷா பீவியிடம் நான் போனேன், ஹலீமின் மனைவியும் போனார். இருவருக்கும் ஒரே பதில்தான்.

"அவன் வரட்டும். எந்த வழியா வரணும்னு அவனுக்குத் தெரியும்."

"வீடே போனாலும் நான் மொதல்ல பேச மாட்டேன்" என்று மூன்று நாள் சொல்லிக்கொண்டிருந்த ஹலீம், ஞாயிறு காலை உளியும் சுத்தியலும் எடுத்தார். மதியம் வரை தட்டியும் சுவர் அசைந்து கொடுக்கவில்லை.

"எந்த மடையன் கட்டினது இது!" என்று கத்தினார். பிறகு அதைத் தடவிப் பார்த்து, "பாத்தீங்களா, எவ்ளோ ஸ்ட்ராங்கு" என்று என்னிடம் பெருமையும் பட்டுக்கொண்டார்.

பிற்பகல் அஸர் தொழுகைக்குப் பாங்கு சொல்லும் நேரத்தில் ஒரு செங்கல் அந்தப் பக்கம் போய் விழுந்தது. குனிந்து பார்த்தோம். அக்கா பக்கத்துக் கதவு திறந்தே கிடந்தது. எதிரில் நாற்காலி போட்டு ஆயிஷா பீவி உட்கார்ந்திருந்தார்.

"காலையிலேர்ந்து உக்காந்துகினு இருக்கேன்" என்றார்.

ஹலீம் அவசரமாகத் தாளைச் சுருட்டி ஓட்டைக்குள் நீட்டினார்.

"தாளு கெடக்கட்டும். அன்னிக்கு எதுக்கு வந்தியோ, அத்த சொல்லு."

ஹலீமுக்குக் கண் கலங்கிவிட்டது. சட்டையிலிருந்த செங்கல் தூளைத் தட்டிவிட்டுக்கொண்டார். தொண்டையைச் செருமினார். அப்ஸானாவின் மூத்த மகன் இப்போது மூன்றாம் வகுப்புப் படிக்கிறான்.

"அக்கா, நம்ம அப்ஸானாவுக்குக் கல்யாணம் வச்சிருக்கேன். நீங்கதான் முன்னாடி நிக்கணும்."

ஆயிஷா பீவி புடவைத் தலைப்பால் முகத்தைத் துடைத்தார்.

"வராம எங்க போவப் போறேன்? பெருசா இடிடா. இந்த ஓட்டைல நான் எப்படி வர்றது?"