எதிர் பேண்டுக்காரன் மனைவி

ரெமேய்க்குக் கை சும்மா இருக்காது. ஆரஞ்சுக் கிடங்கில் பழம் தரம் பிரிக்கும்போதும் விரல்கள் ஓபோக் குழலின் துளைகளைத் தேடிக்கொண்டிருக்கும். வலென்சியாப் பக்கத்து அந்தச் சிற்றூரில் பேண்டு இரண்டு: பழையது, புதியது. அவள் வாசித்தது பழையதில். கட்டிக்கொண்டதோ புதியதின் டிரம்பெட்காரன் பத்திஸ்தேயை. கல்யாணத்தன்று இரண்டு பேண்டும் கோயிலின் இரண்டு வாசல்களிலும் நின்று போட்டி போட்டு ஊதியதில் பாதிரியார் சொன்னது ஒருவர் காதிலும் விழவில்லை.

அந்த ஆண்டு திருவிழாக் கச்சேரிக்குப் பழைய பேண்டு புதிதாய் ஒரு பாசோடோப்ளே எழுதி வாங்கியிருந்தது. துள்ளிக் கிளம்பும் இசை. நடுவில் எல்லாரும் அடங்க, ஓபோ மட்டும் தனியே பாடும். ரெமேய்க்குத் தனிவாசிப்பு கிடைப்பது அதுதான் முதல் தடவை. கச்சேரி வரை ஒரு சுரமும் வெளியே போகக் கூடாதென்று பேண்டு மாஸ்டர் எவரிஸ்த் கண்டிப்பாகச் சொல்லிவிட்டார். வேகும் வெயிலிலும் ஜன்னலை அடைத்துக்கொண்டுதான் ஒத்திகை. வீட்டில் அவள் குழலைப் பெட்டியிலிருந்து எடுக்கவே இல்லை.

ஒரு மாலை பத்திஸ்தே சவரம் செய்தபடி சீட்டியடித்தான். அவளுடைய தனிவாசிப்பு. கடைசி வளைவு வரை பிசகவில்லை.

வெங்காயம் நறுக்கிய கத்தியோடு போய் நின்றாள்.

"இது உனக்கு எப்படித் தெரியும்?"

"நீதானே தினமும் பாத்திரம் கழுவறப்ப முனகறே. வாயில ஒட்டிக்கிச்சு."

"வேற எங்கயாவது அடிச்சியா?"

கண்ணாடியைப் பார்த்தபடி யோசித்தான். "நேத்து ஒத்திகையில சும்மா ஊதிப் பார்த்தேன். நல்லாருக்கேன்னாங்க எங்க ஆளுங்க."

மாஸ்டரிடம் சொன்னால் தனிவாசிப்பு போய்விடும். சொல்லாவிட்டால் எதிராளிகள் அதைத் தெருவில் முந்தி ஊதிவிடுவார்கள். கிடங்கில் யார் முனகினாலும் அதுவோ என்று திடுக்கிட்டாள். தாங்க முடியாமல் மாஸ்டரிடம் போய்ச் சொல்லிவிட்டாள்.

எவரிஸ்த் கத்தவில்லை, அது இன்னும் பயமாக இருந்தது.

"நடு வரியை மாத்தி எழுதித் தரேன். நீதான் வாசிக்கணும். ஆனா திருவிழா முடியற வரைக்கும் உன் பாத்திரத்தை உன் புருஷனே கழுவட்டும். நீ உன் அக்கா வீட்டுக்குக் கிளம்பு."

திருவிழாக் காலையில் புதிய பேண்டு அக்கா வீட்டு வாசலில் வேண்டுமென்றே நின்று பழைய வரியை ஊதிவிட்டுப் போனது. புது வரியோ அவள் உதட்டில் இன்னும் படியவில்லை.

மாலையில் சதுக்கத்து மேடை. எதிர் பேண்டுக்காரர்கள், வழக்கம்போல, கை தட்ட வேண்டியிராதபடி கைகளைப் பைக்குள் விட்டுக்கொண்டு முன்வரிசையில் நின்றார்கள். நடுவில் பத்திஸ்தே. எல்லா வாத்தியமும் அடங்கியது. ரெமேய் எடுத்தாள். விரல் பழைய பாதைக்குத்தான் இழுத்தது. வலிந்து புது வரிக்குத் திருப்பினாள்.

பத்திஸ்தேயின் உதடுகள் பழைய வரிக்காகக் குவிந்தபடி அப்படியே நின்றுவிட்டன. மாடிப்படியில் இல்லாத படியில் கால் வைத்தவன்போல விழித்தான். நீ கொண்டுவந்த வரி இது இல்லையே என்பதுபோல் பக்கத்திலிருந்தவர்கள் அவனைத் திரும்பி முறைத்தார்கள். அவளுக்குச் சிரிப்பு முட்டியது. ஓபோ வாசிப்பவள் சிரித்தால் அவ்வளவுதான். கண்ணை இறுக்க மூடிக்கொண்டு மீதியை வாசித்தாள்.