சித்தி கட்டிய அரக்குப் புடவை

வீட்டிலிருந்தே புடவை விற்க ஆரம்பித்தபோது, வீடியோவில் தன் முகம் தெரியக் கூடாது என்று சித்தி கண்டிப்பாகச் சொல்லியிருந்தாள். சித்தப்பா இறந்து அப்போது இரண்டு வருடம். நானும் கழுத்துக்குக் கீழேதான் எடுத்துப் போட்டுக்கொண்டிருந்தேன். ஒரு நாள் அவளே, "போனை மேல தூக்குடா" என்றாள். நெற்றியில் பொட்டு, தலையில் மல்லிகை, உடம்பில் அரக்குச் சிவப்பில் சாஃப்ட் சில்க்.

"இதெல்லாம் கட்டக் கூடாதுன்னாங்க. எனக்கு நல்லாத்தானே இருக்கு?" என்று கேமராவைப் பார்த்துக் கேட்டாள். விலை சொல்ல மறந்துவிட்டாள்.

எங்கள் குடும்பத்தில் முதலில் கல்லூரிக்குப் போனவன் நான். அதனால் பாஸ்வேர்டு முதல் கமெண்ட்டுக்குப் பதில் எழுதுவது வரை என் பொறுப்பு. "புருஷன் போனவளுக்குப் பூ ஒரு கேடா" என்று எழுதிய ஒருவனுக்குப் பத்தி பத்தியாகப் பதில் அடித்துக்கொண்டிருந்தேன். சித்தி எட்டிப் பார்த்துச் சிரித்தாள். "அவனுக்குப் போயி கட்டுரை எழுதுறியேடா. மார்க்கா போடப் போறான்?"

அந்த வீடியோவைப் பார்த்துத்தான் என் அத்தை மகள் தன் கல்யாண ரிசப்ஷனுக்கு அதே அரக்கில் ஒன்று வாங்கினாள். பார்சல் போய் ஒரு வாரத்தில் ஆலங்குடியிலிருந்து அத்தை கூப்பிட்டாள், சித்தியை அல்ல, என்னை.

"மருமகனே, அந்த வீடியோவை எடுத்துருய்யா. ஒஞ் சித்தி கட்டுனதை எம்புள்ளையும் கட்டுதுன்னு நாலு பேரு பேசுவாக."

"அது வேற பீஸ் அத்தை."

"பீஸு வேறதான். செல்லுல பாக்குறவளுக்கு அது தெரியுமா? நல்ல காரியம்யா. நீ படிச்ச புள்ள, ஒனக்குச் சொல்லணுமா?"

சொல்ல வேண்டியதெல்லாம் எனக்குத் தெரியும். முன்பின் தெரியாதவனுக்கு அத்தனை எழுதியவன், அத்தையிடம் "சரிங்க அத்தை" என்றேன். புதுக்கோட்டை போகும் பஸ்ஸில் நின்றபடியே அழித்தும் விட்டேன்.

மறுநாள் சித்தி கண்டுபிடித்துவிட்டாள். நடந்ததைச் சொன்னேன். அவள் அத்தையைத் திட்டவே இல்லை.

"அதுக்குக் கீழ ஒரு புள்ள எழுதியிருந்துச்சே, படிச்சியா? ஒங்களப் பாத்துத்தான் இன்னைக்குப் பச்சை கட்டிக்கிட்டு வேலைக்குப் போனேன்க்கான்னு. கோட்டைப்பட்டினத்துப் பக்கமாம். நாளைக்கி அது வந்து தேடுனா என்னடா இருக்கும்?"

படித்திருக்கவில்லை. திட்டியவர்களை மட்டும் தேடித் தேடிப் படித்திருந்தேன்.

"திரும்பக் கொண்டாற முடியுமா?"

"முடியும் சித்தி. அழிச்சது முப்பது நாள் வரைக்கும் உள்ளே இருக்கும்."

"போடு. போட்டுட்டு பாஸ்வேர்டை எப்படி மாத்துறதுன்னு காட்டு."

காட்டினேன். புதியதை அடிக்கும்போது போனை என் பக்கமிருந்து திருப்பிக்கொண்டாள். கோபமாக எதுவும் சொல்லியிருந்தால்கூடத் தாங்கியிருப்பேன்.

சாயங்காலமே அத்தை மறுபடி கூப்பிட்டாள். "என்னய்யா, திரும்ப வந்துருச்சு?"

"பாஸ்வேர்டு இப்ப எங்கிட்ட இல்லைங்க அத்தை" என்றேன்.

உண்மைதான். ஆனால் நான் சொல்லியிருக்க வேண்டியது அது இல்லை. அத்தை "அப்படியா" என்று வைத்துவிட்டாள்.