இருபது லட்சம் ரூபாயின் விலை

1. பத்தரைக்கு முன்

நடேசண்ணை அன்று வங்கிக்குள் வந்தபோது தோளில் ஒரு கதலி வாழைக்குலை இருந்தது. பின்னால் அவருடைய மனைவி ராணியக்கா, பெட்டியில் மடித்து வைத்திருந்த நல்ல சேலையை உடுத்தி, ஒரு துணிப்பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு வந்தார். வெள்ளிக்கிழமை காலை. மருதனார்மடம் சந்தைக்குப் பக்கத்திலிருக்கும் கிளை எங்களுடையது. மரக்கறி மூட்டையோடு ஆட்கள் உள்ளே வருவது எங்களுக்குப் புதிதல்ல. ஆனால் குலையைக் கொண்டுவந்து என் மேசையிலேயே வைத்தவர் இவர் ஒருவர்தான்.

"எல்லாருக்கும் பிரிச்சுக் குடுங்கோ தங்கச்சி. எங்கடை தோட்டத்துக் கடைசிக் குலை," என்றார். "பத்தரைக்கு ராகுகாலம் தொடங்குது. அதுக்கு முன்னம் வீட்டு உறுதியைக் கையிலை தந்திடுங்கோ."

நான் அப்போது கடன் பிரிவுக்குப் பொறுப்பாக இருந்தேன். ஓய்வு பெறுவதற்கு இன்னும் மூன்று வருடம் இருந்தது. அந்தக் கிளைக்கு மாற்றலாகி வந்து அதிக நாள் ஆகவில்லை. நடேசண்ணையின் கடன் எனக்கு முன்னிருந்தவர்கள் கொடுத்தது. புத்தூரில் வீடு கட்டுவதற்காக ஒன்பது வருடத்துக்கு முன் இருபது லட்சம் எடுத்திருந்தார். இருபது வருடத் தவணை, மாதம் இருபத்து மூவாயிரத்து நானூறு. வீட்டின் உறுதிப் பத்திரம் எங்களிடம் ஈட்டில், அடமானமாக, இருந்தது.

வீடு அவருக்கல்ல. ஒரே மகள் கௌசிக்கு. இங்கே பெண்ணுக்கு வீடு கொடுக்காமல் கலியாணம் பேசுவது, உப்பில்லாமல் சோறு போட்டுவிட்டு விருந்து என்று சொல்வது மாதிரி. அச்சுவேலியில் மாப்பிள்ளை சரிவந்துவிட்டார். அரச உத்தியோகம். தாலிக்குப் பொன் உருக்கும் பொன்னுருக்குச் சடங்குக்கு முன் வீட்டைக் கௌசியின் பேருக்குச் சீதன உறுதி எழுதுவதாகப் பேச்சு. அதற்கு முதலில் ஈட்டை மீட்க வேண்டும்.

"எவ்வளவு கொண்டுவந்தனீங்கள் அண்ணை?"

"பதின்மூண்டு லட்சம். நீங்கள் மிச்சம் தரவேண்டி வரும்." சிரித்தார். "இருவது வரியத்திலை ஒம்பது போட்டுது. பாதிக்குக் கிட்டக் கட்டியாச்சு. பத்து, பதினொண்டு நிக்கும். சில்லறைச் செலவுக்கும் சேர்த்துத்தான் கொண்டுவந்தனான்."

கணினியைப் பார்த்தேன். பார்த்துவிட்டு இலக்கத்தை மறுபடி அடித்துப் பார்த்தேன். பிறகு அவருடைய அடையாள அட்டையைக் கேட்டு வாங்கி, பெயரையும் இலக்கத்தையும் ஒப்பிட்டேன். கொஞ்ச நேரம் கடத்துவதற்காகத்தான் அப்படிச் செய்தேன் என்று இப்போது தோன்றுகிறது.

"அண்ணை, இருபத்து நாலு லட்சத்துச் சொச்சம் நிக்குது."

ராணியக்காதான் கேட்டார்.

"ஆரின்ரை கணக்கைப் பாத்துச் சொல்லுறியள் பிள்ளை?"

2. ஒற்றிக் கணக்கு

அவர் கணக்குத் தெரியாத மனிதரல்ல. வெங்காயமும் புகையிலையும் செய்த ஆள். எந்த மாதத்தில் பசளை கடனுக்கு எடுக்கலாம், எந்த விலைக்கு வெங்காயத்தைக் கட்டி வைக்காமல் விற்றுவிட வேண்டும் என்பதெல்லாம் விரல்நுனியில் இருந்தது. அவருக்குத் தெரிந்த கடன் வேறு, நாங்கள் கொடுத்த கடன் வேறு. அதுதான் விஷயம்.

அவருக்குத் தெரிந்தது ஒற்றி. காணியை ஒருவருக்கு ஒற்றி வைத்துக் காசு வாங்கினால், காசு கொடுத்தவர் காணியைச் செய்து விளைச்சலை எடுத்துக்கொள்வார். அதுதான் அவருக்கு வட்டி. எத்தனை வருடம் போனாலும், வாங்கின அதே தொகையைக் கொடுத்தால் காணி திரும்பி வரும். நடேசண்ணையின் தகப்பன் இரண்டு தரம் அப்படி வைத்து மீட்டிருக்கிறார். முதல், அதாவது வாங்கின தொகை, கிணற்றுக்கட்டு மாதிரி, வைத்த இடத்திலேயே இருக்கும் என்றுதான் அந்தக் குடும்பத்துக்குத் தெரியும். அது இரவில் வளரும் என்று யாரும் அவருக்குச் சொல்லவில்லை.

நீண்ட காலக் கடனில் முதல் வருடங்களில் கட்டுகிற தவணையில் பெரும்பகுதி வட்டிக்கே போய்விடும். முதலைச் சுரண்டுவது கொஞ்சம்தான். நான்கு வருடம் ஒரு மாதம் தவறாமல் பதினொரு லட்சத்துக்கு மேல் கட்டினார். ஆனால் முதல் தொகையில் குறைந்தது ஒரு லட்சத்துச் சொச்சம்தான். அதற்குப் பிறகு கொரோனா வந்தது. ஒரு வருடம் தவணை கட்டத் தேவையில்லை என்று சலுகை கொடுத்தார்கள்.

"கட்டாத மாசம் கடைசியிலை வரும் எண்டுதானே சொன்னவை?" என்று அன்று கேட்டார்.

மாதம் கடைசியில் வரும். வட்டி அப்படிக் காத்திருக்காது. அந்த வருடத்து வட்டி முழுவதும் முதலோடு சேர்ந்து, கடன் அவர் எடுத்த தொகையைவிடப் பெரிதாகிவிட்டது. பின்னர் நாடு கடன் கட்ட முடியாமல் வங்குரோத்தானபோது வட்டி வீதம் ஏறு ஏறென்று ஏறியது. அவருடைய கடன் மாறும் வட்டிக் கடன். வட்டி ஏறினாலும் தவணையைக் கூட்டவில்லை, காலத்தைத்தான் நீட்டினார்கள். தவணை கூடவில்லை என்றதும் நடேசண்ணை வங்கியை வாழ்த்தினார். மாதா மாதம் அவர் கட்டியது அந்த மாத வட்டிக்கே காணாமல், மிச்ச வட்டி முதலோடு சேர்ந்துகொண்டிருந்தது. கழுதை தேய்ந்து கட்டெறும்பாகும் என்று அவர் காத்திருக்க, இங்கே கட்டெறும்பு கழுதையாகிக்கொண்டிருந்தது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். இருபது லட்சம் என்று கையெழுத்து வைத்தவருக்கு இருபது லட்சம் கிடைக்கவில்லை. மதிப்பீட்டாளருக்கு, உறுதி எழுதிய நொத்தாரிசுக்கு, முத்திரைக்கு, காப்புறுதிக்கு என்று வெட்டியது போக, பத்தொன்பதுக்குக் கிட்டத்தான் கைக்கு வந்தது. யன்னல் போடக் காசு காணாமல் ராணியக்காவின் சங்கிலி அடகுக்குப் போனது. வீட்டைக் கட்டிப்பார், கலியாணத்தைப் பண்ணிப்பார் என்பார்கள். இவர் ஒன்றைக் கட்டி அதாலேயே மற்றதையும் செய்யப் பார்த்தார்.

இதையெல்லாம் தொடக்கத்திலேயே ஏன் சொல்வதில்லை என்று இளம் உத்தியோகத்தர்கள் கேட்பார்கள். நான் கடன் பிரிவுக்கு வந்த முதல் நாள் அப்போதிருந்த முகாமையாளர் சொன்னது இன்னும் காதில் இருக்கிறது.

"பிள்ளை, தவணை எவ்வளவு எண்டதை மட்டும் சொல்லும். முழுக் கணக்கைச் சொன்னால் ஆரும் வீடு கட்டமாட்டினம். பிறகு நாங்கள் கிளையைப் பூட்டிப்போட்டுக் கச்சான் கடலை விக்கவேண்டியதுதான்."

எல்லோரும் சிரித்தோம். அவர் கெட்டவர் அல்ல. எல்லாக் கிளையிலும் அதுதான் வழக்கம்.

3. மாப்பிள்ளையின் மாமா

அன்று பத்தரைக்கு முன் உறுதி கிடைக்கவில்லை. மருதனார்மடம் கிளை முகாமையாளரின் அறைக்கு அவர்களைக் கூட்டிக்கொண்டு போனேன். அவர் இளையவர், மரியாதையான பிள்ளை. முழுவதையும் கணக்குப் போட்டுக் காட்டிவிட்டு, முன்கூட்டிக் கடன் தீர்ப்பதற்கான கட்டணத்தைத் தான் தள்ளுபடி செய்வதாகச் சொன்னார். கடனையே தீர்க்க வழியில்லாதவருக்கு அது ஒரு பெரிய உபகாரம்தான்.

"தோட்டத்தை வித்த காசு உது," என்றார் நடேசண்ணை. அப்போதுதான் எனக்கு அது தெரியவந்தது. "நாலு பரப்புக் காணியையும் அறுதியா எழுதிக் குடுத்திட்டன். ஈடு ஒற்றி எண்டு வைச்சால் மாப்பிள்ளை பகுதி யோசிக்கும் எண்டுதான் அறுதியாக் குடுத்தனான்."

விற்பதற்கு முன் ஒரு தரம் வந்து கேட்டிருக்கலாமே என்று எனக்குக் கோபம் வந்தது. கேட்க வேண்டும் என்று அவருக்கு ஏன் தோன்றவில்லை? பாதிக் காலம் போனால் பாதிக் கடன் போகும் என்பதில் அவருக்குச் சந்தேகமே இருக்கவில்லை. சந்தேகம் இல்லாத விஷயத்தை யார் போய்க் கேட்பார்கள்?

நான்கு நாள் கழித்து வெள்ளை வேட்டியோடு ஒருவர் வந்து என் முன்னால் உட்கார்ந்தார். மாப்பிள்ளையின் தாய்மாமன் என்று சொன்னார். பேச்சு மிகவும் மெதுவாக இருந்தது.

"தொகை ஒண்டும் எனக்கு வேண்டாம் பிள்ளை. புத்தூர் வீட்டிலை ஈடு இன்னும் கிடக்கோ எண்டு மட்டும் சொன்னால் காணும்."

"வாடிக்கையாளரின்ரை விஷயம் நாங்கள் வெளியிலை கதைக்கேலாது ஐயா."

"ஓம், ஓம். அது சரி." எழுந்து நின்றார். "கதைக்கேலாது எண்டால் கதைக்க ஏதோ கிடக்கு எண்டுதானே. இனிக் காணிக் கந்தோரிலை பாக்கிறன். குறை நினையாதையுங்கோ."

காணிப் பதிவு அலுவலகத்தில் பார்த்திருப்பார். நடேசண்ணை அச்சுவேலிக்குப் போய் ஒரு வருட அவகாசம் கேட்டிருக்கிறார். அவர்கள் தேத்தண்ணி கொடுத்து, பலகாரம் வைத்து, மரியாதையாகவே கதைத்திருக்கிறார்கள். "பொடியனுக்கும் வயசு போகுது அண்ணை" என்று மாப்பிள்ளையின் தாய் சொன்னாராம். அந்த ஆவணியில் மாப்பிள்ளைக்கு வேறு இடத்தில் கலியாணம் நடந்தது. யாரையும் குறை சொல்ல எனக்கு வாய் வரவில்லை. இத்தனைக்கும் என் வாய் கொஞ்சம் நீளம் என்று கிளையில் எல்லோருக்கும் தெரியும்.

4. கௌசி கேட்டது

பதின்மூன்று லட்சத்தையும் கடனுக்கே கட்டச் சொன்னேன். வேறு எதுவும் சொல்ல எனக்குத் தெரியவில்லை. கட்டிய பிறகும் பதினொரு லட்சம் நின்றது. தோட்டம் இல்லாதவருக்கு வருமானம் இல்லை. வயதும் அறுபதைத் தாண்டிவிட்டது. சம்பளம் உள்ள ஒருவர் கூட்டாகக் கையெழுத்து வைத்தால்தான் மிச்சத்தைப் பன்னிரண்டு வருடத்துக்குப் பிரித்துத் தர முடியும் என்று முகாமையாளர் சொல்லிவிட்டார். வீட்டை விற்கலாம் என்றும் சொல்லிப் பார்த்தேன். வளவுக்குள் பாதை ஒடுக்கம், வாங்க வந்தவர்கள் கேட்ட விலையில் கடன் போக மிஞ்சுவது இன்னொரு வீட்டுக்குப் போதாது. பிறகு மூவரும் எங்கே இருப்பது?

அப்படித்தான் கௌசி தகப்பனோடு வந்தாள். அவளை நான் முதலில் கண்டது அன்றுதான். மெலிந்த பிள்ளை, மருந்துக்கடை ஒன்றில் வேலை. இருபத்தொன்பது வயது. கடை உடுப்போடு, இரண்டு மணித்தியாலம் லீவு சொல்லிவிட்டு வந்திருந்தாள்.

கையெழுத்து வைக்க வேண்டிய இடங்களைக் காட்டி, மாதம் பதினையாயிரத்துச் சொச்சம் வரும் என்றேன். பழக்கத்தில் வாயில் முதலில் வந்தது அதுதான்.

அவள் பேனையை எடுக்கவில்லை.

"மாசத்துக்கு இல்லை மிஸ். முழுக்க எவ்வளவு?"

"இந்த மிச்சத்துக்கு இருபத்தொரு லட்சத்து எண்பதாயிரம் வரும். வட்டி மாறாட்டில்."

"அப்பா இதுவரை கட்டினதையும் தோட்டக் காசையும் சேர்த்துச் சொல்லுங்கோ."

கணிப்பானில் கூட்டினேன். அதிக நேரம் எடுக்கவில்லை. "ஐம்பத்தேழு லட்சம்."

"எடுத்தது இருபதோ?"

"ஓம்."

எனக்கு அவளை நிமிர்ந்து பார்க்க வெட்கமாக இருந்தது. முப்பது வருடமாக ஆயிரம் பேரிடம் கையெழுத்து வாங்கியிருக்கிறேன். கையெழுத்து வைக்க முதல் இந்தக் கேள்வியை என்னிடம் கேட்டவர்களை ஒரு கையில் எண்ணலாம்.

"பன்ரண்டு வரியம். அப்ப எனக்கு நாப்பத்தொண்டு," என்றாள். எங்களுக்குச் சொன்னாளா, தனக்குச் சொன்னாளா தெரியவில்லை.

நடேசண்ணை மெதுவாகச் சொன்னார். "அது உன்ரை வீடுதானே பிள்ளை. உனக்கெண்டு கட்டினதுதானே."

"ஓம் அப்பா," என்று சொல்லி, பேனையை எடுத்தாள். "நீங்கள் எனக்குத் தாற சீதனத்துக்கு நான்தான் காசு கட்டுறன்."

கோபமாகச் சொல்லவில்லை. அது கோபமாக இருந்திருந்தால் அவருக்குக் கொஞ்சம் சுகமாக இருந்திருக்கும். எல்லா இடத்திலும் கையெழுத்து வைத்துவிட்டு, கடைக்கு நேரமாகிறது என்று தகப்பனுக்கு முதலே எழுந்து போனாள். அவர் கதிரையிலிருந்து எழும்ப நான் கை கொடுக்க வேண்டியிருந்தது.

கடன் பிரிவுக்குப் புதிதாக வரும் பிள்ளைகளுக்கு நான் சொல்வதற்கு ஒன்றுதான் இருக்கிறது. எதிரே இருப்பவர் தவணையைக் கேட்டாலும், முழுத்தொகையை முதலில் சொல்லுங்கள். பாதிக் காலத்தில் எவ்வளவு மிச்சம் நிற்கும் என்றும் சொல்லுங்கள். சலுகைக் காலத்து வட்டி எங்கே போகிறது என்று அவருடைய பேச்சிலேயே சொல்லுங்கள். விளங்கிவிட்டதா என்று கேட்காதீர்கள், எல்லோரும் ஓம் என்றுதான் சொல்வார்கள். அவரைக்கொண்டே திருப்பிச் சொல்விக்க வேண்டும்.

மேலிடத்தில் ஏசுவார்கள், ஆள் எழும்பிப் போய்விடுவார் என்று. போகட்டும். நடேசண்ணைக்கு யாராவது முழுத்தொகை ஐம்பது லட்சத்தைத் தாண்டும் என்று முதல் நாளே சொல்லியிருந்தால் அவரும் எழும்பிப் போயிருப்பார். புத்தூரில் அவருடைய தோட்டம் இருந்திருக்கும். எங்கள் கிளைக்கு ஒரு கடன் குறைந்திருக்கும்.