இங்கிலீஷ் படத்துக்குச் சிரித்த அம்மா

எண்ணெய் காய்வதைப் போல ஓர் இரைச்சல், அதன் மேல் படபடவென்று இங்கிலீஷ் பேச்சு. பேசும் படம் வந்த புதிதில், ஒரு மேடை நாடகத்தை ஹாலிவுட்டில் அப்படியே எடுத்திருந்த கறுப்பு வெள்ளைச் சிரிப்புப் படம் அது. தறிக்கு 'அமாவாசை லீவு' என்பதால் எல்லோரும் வீட்டிலிருந்த ஒரு மத்தியானம், 'கேபிளில்' அதைப் போட்டார்கள். படம் முழுக்க ஒரே கூடம், ஒரே சோபா, ஓயாத பேச்சு. அப்பா ஐந்து நிமிடத்தில் தூங்கிப்போனார். அம்மா மட்டும் சிரித்தாள்.

அதுதான் எனக்கு உறுத்தியது. படத்தில் யாரும் வழுக்கி விழவில்லை; ஒரு கணவனும் மனைவியும் உட்கார்ந்து டீ குடித்துக்கொண்டிருந்தார்கள், அவ்வளவுதான். ஐந்தாவதோடு பள்ளிக்கூடத்தை விட்ட அம்மா, அவர்கள் பேசி முடித்த மறுநொடியே முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டு குலுங்கினாள்.

பிளஸ் டூ முடித்திருந்த அக்காவைத் தோட்டத்துப் பக்கம் இழுத்துப்போய்ச் சொன்னேன்.

"அம்மாக்கு இங்கிலீஷ் தெரியுதுக்கா."

"போடி, அவங்க மூஞ்சியப் பாத்து சிரிக்குது."

சொன்னாளே தவிர, அவள் முகம் வெளுத்துவிட்டது. அப்பா அவளுக்கு மாப்பிள்ளை பார்த்துக்கொண்டிருந்தார். அவளோ அம்மா அப்பாவுக்குத் தெரியாமல் சென்னையில் நர்சிங் படிக்க விண்ணப்பம் போட்டிருந்தாள். இன்டர்வியூ தேதியிலிருந்து ஏற வேண்டிய பஸ் வரைக்கும் அவளும் அவள் தோழியும், சில சமயம் அவளும் நானும், பேசியதெல்லாம் அம்மா எதிரிலேயே, இங்கிலீஷில்தான்.

அம்மாவைச் சோதிக்க, அரிசி களைந்துகொண்டிருந்தவளிடம், "தோளில் பல்லி" என்று இங்கிலீஷில் சொன்னேன். திரும்பவேயில்லை. புரியாமலா, புரிந்தும் நடிக்கிறாளா? சந்தேகம் முற்றியதே தவிரத் தீரவில்லை.

அடுத்த வாரம், "கோயிலுக்குப் போயிட்டு வரேம்மா" என்று அக்கா கிளம்பினாள். அம்மா அவளை ஏற இறங்கப் பார்த்தாள். பிறகு உள்ளே போய், அப்பா பீரோவில் பூட்டி வைத்திருந்த மார்க் ஷீட்டைக் கொண்டுவந்து நீட்டினாள்.

"ஜெராக்ஸ மட்டும் எடுத்துக்கினு போறியே, மெட்ராஸ்ல ஒரிஜினல் கேக்கமாட்டாங்களா?"

அக்காவுக்கு அழுகை வந்துவிட்டது. "அப்பா..."

"அவருகிட்ட நான் சொல்லிக்கிறேன். பஸ்ஸுக்கு நேரமாவுது, போம்மா."

அப்பா ஒரு மாதம் யாரோடும் பேசவில்லை. அக்கா படித்தாள், இன்று வேலூரில் நர்சாக இருக்கிறாள். மரக் கதவு வைத்த அந்த டி.வி. பெட்டி போய்விட்டது, பழைய படம் போட்ட சேனலும் போய்விட்டது. "நீங்க சத்தமா படிக்கறத கேட்டுக்கினே இருந்தா வராதா?" என்பாள் அம்மா. நான் இன்னும் முழுசாக நம்பவில்லை. எங்கள் இருவருக்கென்று இருந்த ரகசிய மொழியும் அன்றோடு போயிற்று; இப்போது அக்கா ஊருக்கு வந்திருக்கும்போது ஏதாவது மறைத்துப் பேச வேண்டுமென்றால், அவளும் நானும் தெருமுனை வரை நடந்துவிட்டு வருகிறோம்.