பறக்கிறவன் ஏன் இல்லை

மகள் செய்த வீடியோ கேமைப் பற்றி யார் என்ன எழுதினாலும் நான் படித்துவிடுவேன். பள்ளிக்கூடத்தில் இடைவேளை மணி அடித்ததும் மற்ற ஆசிரியைகள் சோற்றுப் பாத்திரத்தைத் திறப்பார்கள், நான் போனைத் திறப்பேன். கேம் விளையாட எனக்குத் தெரியாது. ஒருமுறை முயன்று பார்த்தேன். நான் நடத்திய ஆள் கேமுக்குள் இருக்கிற எங்கள் பாறசாலை ரயில்வே கேட்டில் முட்டிக்கொண்டு அங்கேயே நடந்துகொண்டிருந்தான். அதனால் கமெண்டுகளை மட்டும் படிப்பேன். அவற்றில் திரும்பத் திரும்ப வந்தது ஒரே கேள்விதான். எல்லாரும் இருக்கிறார்கள், அவன் மட்டும் ஏன் இல்லை?

அவள் கல்லூரியில் கடைசி வருடம். சூப்பர் ஹீரோ கதைகள் என்றால் சிறு வயதிலிருந்தே பைத்தியம். அவளும் இணையத்தில் பழக்கமான சிலரும் சேர்ந்து, காசு வாங்காமல், ஆசைக்காகச் செய்த கேம் அது. உலகம் அறிந்த அந்த வீரர்களையெல்லாம் எங்கள் ஊர் ரோட்டில் இறக்கிவிட்டிருந்தாள். ஒருவன் ஆறு கடலில் சேர்கிற பூவாறு பொழிமுகத்தில் கவிழ்ந்த படகைத் தூக்குவான். இன்னொருத்தி பாலராமபுரத்தில் நெசவுக்காகத் தெரு நீளத்துக்குக் கட்டியிருக்கும் பாவு நூலைத் தாண்டிக் குதிப்பாள், நூல் அறுந்தால் தோற்றாள். பார்த்தபோது எனக்கே சிரிப்பு வந்தது. இவர்களில் இல்லாதவன் ஒருவன்தான். வானத்தில் பறக்கிறவன். என் வகுப்பில் பாதிப் பிள்ளைகளின் பையில் அவன் படம் ஒட்டியிருக்கிறது. பெயர் சொல்ல வேண்டியதில்லை.

அவளிடமே கேட்டேன்.

"அவன் பறப்பாம்மா. மேல போய்ப் பாத்தா என்ன உண்டு? ஒரு வீட்டுக்கும் நான் கூர வரையல்ல. ரோட்டுல நிண்ணு பாக்கியவனுக்கு முன்பக்கம் போதும். அவன் ஒருத்தனுக்காட்டு ஊரு முழுக்க கூர போடணும். யாருக்கு நேரம்?"

நான் இயற்பியல் ஆசிரியை. காரணம் சொன்னால் ஒத்துக்கொள்கிற பழக்கம் உண்டு. கூரையில்லாத வீடுகளின் கதையை மறுநாள் ஆசிரியர் அறையில் எல்லாரிடமும் பெருமையாகச் சொன்னேன்.

மழைக்காலம் முடியும்போது கமெண்டுகளின் குணம் மாறியது. கேட்டவர்கள் கேலி செய்தார்கள். கேலி செய்தவர்கள் திட்டினார்கள். பெயரும் முகமும் இல்லாத யாரோ ஒருவன், அந்த வீரனை இவள் திருடி ஒளித்துவைத்திருக்கிறாள் என்று மலையாளத்தில் எழுதினான். அதற்குக் கீழே அவனே இன்னொன்றும் எழுதியிருந்தான். ரயிலில் நீ எந்தப் பெட்டியில் ஏறுகிறாய் என்று எனக்குத் தெரியும்.

அதைப் படித்த அன்று எந்த வகுப்பில் என்ன நடத்தினேன் என்று நினைவில்லை. சாயங்காலம் கணவரிடம் காட்டினேன். அவர் சிமெண்டும் கம்பியும் விற்கிற கடை வைத்திருக்கிறார், போனில் எழுதியிருப்பதை நம்புகிறவர் அல்ல. வேலையில்லாத பயல்கள், நீ எதற்கு இதையெல்லாம் தோண்டித் தோண்டிப் படிக்கிறாய் என்றார். மகள் என் கையிலிருந்த போனை வாங்கி, தன் கணக்கில் நுழைந்து அதை அழித்துவிட்டுத் திரும்பக் கொடுத்தாள்.

அந்த வாரத்திலேயே அவள் ரயிலில் போவதை நிறுத்தினாள். அப்பாவின் பைக்கில் உதியன்குளங்கரை வரை போய் அங்கிருந்து திருவனந்தபுரம் பஸ் பிடித்தாள். ரயில் நேரத்துக்கு வருவதில்லை என்றாள். துவைத்த துணியை மாடியில் போடாமல் தன் அறைக்குள்ளேயே கயிறு கட்டி உலர்த்தினாள். மேலே நல்ல வெயில் காய்ந்துகொண்டிருந்தது. அறையெல்லாம் ஈர வாடை என்று நான் சத்தம் போட்டேன். பரீட்சைக் கவலை இப்படியெல்லாம் வெளிப்படும் என்று நானே ஒரு காரணமும் கண்டுபிடித்துக்கொண்டேன். அடுத்தவர் பிள்ளைகளிடம் இதில் பாதி மாற்றம் தெரிந்தாலும் பெற்றோரைக் கூப்பிட்டு விசாரிக்கிறவள் நான்.

அவனையும் கேமில் சேர்த்துவிடு, அதோடு இவர்கள் வாய் அடங்கும் என்று அவளிடம் கெஞ்சினேன். ஒரு பொம்மைக்காகவா இவ்வளவு பிடிவாதம் என்றேன். பழைய ஆர்வத்தோடு கூரைக் கதையைச் சொல்வாள் என்று எதிர்பார்த்தேன். "முடியாது" என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டு எழுந்து போனாள்.

எங்களுடையது மிஷன் காலத்துச் சபை. வாரம் ஒரு வீட்டில் ஜெபக் கூட்டம் நடக்கும். யார் வந்தாலும் உட்காரப் பாய் உண்டு, குடிக்கப் பால் விடாத கட்டன் சாயா உண்டு. நீ யார், எந்த ஊர் என்று வாசலில் நின்று கேட்பது மரியாதையில்லை. பாட்டும் வசனமும் முடிந்ததும் உபதேசியார் ஒவ்வொருவரிடமும் ஜெபக் குறிப்பு கேட்பார். எதற்காக ஜெபிக்க வேண்டும் என்று அவரவர் சொல்லலாம். ஒருவருக்கு விசா, ஒருவருக்கு முட்டு வலி, ஒருவருக்கு மருமகளோடு மனத்தாங்கல். மூடி மறைத்துச் சொல்வதில்லை. விவரமாகச் சொன்னால்தான் விவரமாக ஜெபிக்க முடியும் என்று கேட்டு வளர்ந்தவர்கள் நாங்கள்.

அந்த வாரம் கூட்டம் எங்கள் வீட்டில். என் முறை வந்தபோது அடக்கி வைத்திருந்ததெல்லாம் கொட்டிவிட்டது. மகள் ஒரு கேம் செய்திருக்கிறாள், யாரோ மிரட்டுகிறார்கள், பயந்துபோய் ரயிலை விட்டுவிட்டு உதியன்குளங்கரையிலிருந்து பஸ்ஸில் போகிறாள், காலையில் எட்டு மணி பஸ், அந்தப் பயணத்தை ஆண்டவர் காக்க வேண்டும் என்று சொன்னேன். எல்லாரும் தலைகுனிந்து ஆமென் சொன்னார்கள். மகள் வீட்டில் இல்லை, பிராஜெக்ட் வேலை என்று கல்லூரியிலேயே தங்கியிருந்தாள்.

பக்கத்துச் சபையிலிருந்து கிட்டார் வாசிக்க வந்திருந்த இளைஞன் ஒருவன் கூட்டம் கலைந்த பிறகும் போகவில்லை. நாற்காலிகளை மடக்கிச் சுவரோரம் அடுக்கினான். நல்ல பிள்ளை என்று தோன்றியது. தயங்கித் தயங்கி என்னிடம் வந்தான்.

"டீச்சரே, அந்தக் கேம்ல ஆரம்பத்துல நானும் உண்டு. பறக்கியவன நானாக்கும் செய்தது. சின்னப் பிணக்கம், அவ என்ன விலக்கியாச்சு. டீச்சர் ஒரு வார்த்த சொன்னா அவ கேப்பா. அவனத் திரும்பச் சேத்தா இந்தப் பிரச்சன எல்லாம் தீரும்."

ஜெபத்துக்கு இத்தனை சீக்கிரம் பதில் வந்ததே என்று மனதுக்குள் ஸ்தோத்திரம் சொன்னேன். பேசித் தீர்க்கக்கூடிய காரியம்தான். நான் சொல்கிறேன் மக்கா என்று அவன் தோளைத் தட்டி, மீதியிருந்த கேக்கைப் பொதிந்து கொடுத்து அனுப்பினேன்.

மறுநாள் சாயங்காலம் மகள் வந்து பையைக் கழற்றுவதற்குள் விஷயத்தைச் சொல்லத் தொடங்கினேன். உன் கூட்டுக்காரன் வந்திருந்தான், எவ்வளவு பணிவு, அவன் செய்த பொம்மையைச் சேர்த்துவிடேன். அவள் பையைத் தோளிலேயே வைத்துக்கொண்டு நின்றாள்.

"இப்பம் பஸ்சு எறங்கும்போ உதியன்குளங்கரையில அவன் நிண்ணான்" என்றாள். "பஸ்சுக்கு மாறினது அவனுக்கு யாரு சொன்னா?"

என் முகத்தைப் பார்த்தே தெரிந்துகொண்டாள். கத்துவாள் என்று நினைத்தேன். அவள் கட்டிலில் உட்கார்ந்து மடிக்கணினியைத் திறந்து, என்னைப் பக்கத்தில் உட்காரச் சொன்னாள். அவன் அனுப்பிய சோதனை வீடியோ என்றாள்.

பறக்கிறவன் வந்தான். பறக்கும் உடம்பு எல்லாரும் அறிந்தது, முகம் மட்டும் நாற்காலி அடுக்கிய அந்தப் பிள்ளையின் முகம். கல்லூரி பஸ் ஸ்டாப்புக்கு மேலே அந்தரத்தில் நின்றான். கீழே ஒரு பெண், தோளில் நீலப் பை. அது என் மகளின் பை, நான் வாங்கிக் கொடுத்தது. அவளைப் பின்னாலிருந்து அள்ளித் தூக்கிக்கொண்டு மேலே போனான். கூரையில்லாத வீடுகள் திறந்த பெட்டிகள் போல ஒவ்வொன்றாய்க் கடந்தன. பிறகு ஒரு வீடு வந்தது. அதற்கு மட்டும் மேல்தளம் இருந்தது. தண்ணீர்த் தொட்டிக்கு மூடி உடைந்து நீலத் தார்ப்பாய் கட்டியிருந்தது. கொடியில் பச்சைக் கரை போட்ட பாலராமபுரம் சேலை காய்ந்தது.

என் சேலை. என் வீட்டு மாடி. தார்ப்பாயைக் கட்டியது என் கணவர். ரோட்டில் நின்று பார்த்தால் அது தெரியாது.

முதலில் கேமுக்கு யோசனை சொல்லித்தான் செய்தி அனுப்பினானாம். பிறகு, இன்று என்ன உடுத்தியிருந்தாய், யாரோடு சிரித்தாய் என்று எழுதத் தொடங்கினானாம். அவள் விலக்கிய பிறகுதான் அந்த வீடியோ வந்தது. அதற்குப் பிறகுதான் அந்த மிரட்டல் கமெண்டுகள்.

"நீ வேற ஒருத்தன வரையலாம்லா மோளே" என்று கேட்டேன். அந்த நேரத்திலும் எனக்கு அதுதான் கேட்க வந்தது.

"வரைஞ்சேன். முகத்த மாத்தினேன், உடுப்ப மாத்தினேன். அவன் மேல எழும்பினா நான் கீழ நிக்கியது போலத்தான் தோணுது. எனக்க கேம்ல எனக்கு மேல யாரும் பறக்கண்டாம்."

மறுநாள் விடிந்ததும் மாடிக்குப் போனேன். எங்கள் பின்பக்கம் வளைகுடாவில் இருக்கிற ஒருவர் கட்டத் தொடங்கிப் பாதியில் விட்ட வீடு நிற்கிறது. அதன் மேல்மாடிக்குச் சுவரில்லை, தூண்கள் மட்டும். அங்கே நின்றால் எங்கள் கொடி தெரியும். இத்தனை வருடம் அந்தப் பக்கம் பார்த்தபோதெல்லாம் வீடு முடியாமல் நிற்கிறதே என்று இரக்கப்பட்டது தவிர வேறொன்றும் எனக்குத் தோன்றியதில்லை.

கணவர் கடையில் வேலை செய்கிறவர்களைக் கூட்டிக்கொண்டு அவன் வீட்டுக்குப் போகிறேன் என்று கிளம்பினார். மகள் வாசலில் நின்று தடுத்தாள். அவள் எல்லாச் செய்திகளையும், அழிப்பதற்கு முன்பே படமெடுத்த கமெண்டுகளையும் பத்திரமாக வைத்திருந்தாள். மூவருமாகப் போய்ப் போலீசில் புகார் எழுதிக் கொடுத்தோம். விசாரிக்கிறோம் என்றார்கள். அதற்குள் அடுத்த ஜெபக் கூட்டம் வந்துவிட்டது, இரண்டு வீடு தள்ளி. அவன் வருவான் என்று தெரியும். போகட்டுமா, சொல்லட்டுமா என்று மகளிடம் கேட்டேன்.

"சொல்லு. ஆனா எனக்குப் பயம்னு மட்டும் சொல்லாதம்மா."

அவன் வாசலருகே கிட்டாரோடு இருந்தான். என்னைப் பார்த்துச் சிரித்தான். பாட்டு முடிந்தது, வசனம் முடிந்தது. உபதேசியார் என் பக்கம் திரும்பினார். நான் எழுந்து நின்றேன்.

"உபதேசியாரே, கிட்டார் வாசிக்கிய இந்தப் பிள்ள எனக்க மோளுக்குப் பின்னால நடக்குகு. எங்க வீட்டு டெரச வரைஞ்சு அவளுக்கு அனுப்பியிருக்கு. போலீசுல எழுதிக் குடுத்தாச்சு. இனி எங்க வீட்டுப் பக்கமும் உதியன்குளங்கரை பஸ் ஸ்டாப்புப் பக்கமும் வரண்டாம். அதுக்காக்கும் ஜெபிக்கணும்."

அவன் சிரிப்பை மாற்றவில்லை.

"அது வெறும் கேமாக்கும், டீச்சரே."

"கேம்ல நான் காயப்போட்ட சேல எப்படி வந்து, மக்கா?"

பெண்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். கொடியில் துணி காயப்போடுகிற எல்லாருக்கும் அது புரிந்துவிட்டது. அவன் கிட்டாரை உறையில் போட்டு, ஜிப்பை நிதானமாக இழுத்து மூடி, செருப்பை மாட்டிக்கொண்டு போனான். நான் சொன்னதில் எனக்கு இன்றுவரை உறுத்துவது அந்த 'மக்கா'தான். பிள்ளைகளை அன்பாகக் கூப்பிடுகிற பழக்கத்தில் வாயில் வந்துவிட்டது.

அவன் தாய் போன் செய்து, பிள்ளையின் வாழ்க்கையைக் கெடுத்துவிட்டாயே என்று அழுதார். எனக்கும் அழுகை வந்தது, போனை வைத்துவிட்டேன். உபதேசியாரிடம் தனியாகச் சொல்லியிருக்கலாம், ஜெபத்தில் சொல்லியிருக்க வேண்டாம் என்று சபையில் சிலருக்கு வருத்தம். போலீஸ் அவனைக் கூப்பிட்டு எழுதி வாங்கியது, போனை வாங்கி வைத்திருக்கிறது. பஸ் ஸ்டாப்பில் அவனைப் பிறகு பார்க்கவில்லை என்று மகள் சொல்கிறாள். ஆனாலும் அவள் கல்லூரி போய்ச் சேர்ந்ததும் எனக்குச் செய்தி அனுப்ப வேண்டும், அது வரும்வரை என் வகுப்புப் பிள்ளைகள் என் முகத்தைப் பார்த்துக்கொண்டு அமைதியாக இருக்கிறார்கள். துணி இன்னும் உள்ளேதான் காய்கிறது. ஈர வாடையைப் பற்றி நான் பேசுவதில்லை. இப்போது ஜெபக் குறிப்பு கேட்டால், பிள்ளைகளுக்காக என்று மட்டும் சொல்கிறேன்.

கேள்வி நின்றபாடில்லை. அவன் ஏன் இல்லை, அவனை எப்போது சேர்ப்பீர்கள் என்று விவரம் தெரியாத பிள்ளைகள் எங்கெங்கிருந்தோ கேட்கிறார்கள். பலர் ஆசையாகத்தான் கேட்கிறார்கள். எனக்கு ஒவ்வொன்றும் அவன் எழுதியது போலவே படுகிறது.

போன ஞாயிற்றுக்கிழமை மகள் கேமில் எதையோ வரைந்துகொண்டிருந்தாள். எட்டிப் பார்த்தேன். வீடுகளுக்குக் கூரை போட்டுக்கொண்டிருந்தாள். பறக்கிறவனைச் சேர்க்கப் போகிறாயா என்று கேட்டேன். இல்லை என்று தலையசைத்தாள். பாறசாலையிலிருந்து பூவாறு வரை எல்லா வீட்டுக்கும் ஒரே அளவு, ஒரே நிறம், ஒரே ஓடு. தொட்டி இல்லை, கொடி இல்லை. எங்கள் வீடு எது என்று தேடிப் பார்த்தேன். என்னாலும் கண்டுபிடிக்க முடியவில்லை.